நிரலுக்குள் கோடையைச் சேர்த்தவள்

இன்று பஸ் ஆம்பூருக்கு முந்தின ஏரியைக் கடந்தபோது சேற்று வாடை குப்பென்று அடித்தது. ஏரி வற்றத் தொடங்கிவிட்டது. பக்கத்து சீட்டு அம்மா மூக்கைப் பொத்திக்கொண்டார். எனக்கு உன் நினைப்பு வந்தது.

வாணியம்பாடிக் கல்லூரியில் நீ புள்ளியியல், நான் விலங்கியல். இரண்டாயிரம் பிறந்து சில வருஷங்கள்தான் ஆகியிருந்தன. கல்லூரிக்கு இன்டர்நெட் வந்த புதிது. மீன்வளத்தைக் கணக்கிடும் மென்பொருள் ஒன்றை எங்கிருந்தோ இறக்கி வைத்திருந்தாய். பிடிபடும் மீன்களின் நீளமும் எடையும் கொடுத்தால், எப்போது வலை போடலாம், எவ்வளவு விட்டுவைக்கலாம் என்று சொல்லும்.

"ஓசியில குடுக்கறான்னா ஏதோ கோளாறு இருக்குடி," என்றேன்.

"ஓசிங்கறது சின்ன விஷயம் தோஸ்த். உள்ள இன்னா எழுதியிருக்குன்னு தொறந்து பாக்கலாம், வேணும்னா மாத்தலாம். அதான் பெருசு!"

எனக்கு அது அப்போது புரியவில்லை. உன் குதூகலம் மட்டும் புரிந்தது.

அந்த ஏரியைக் குத்தகைக்கு எடுத்திருந்த மீனவர் சங்கத்திடம் போனோம். முந்தின வருஷம் பொடி மீனாகவே பிடித்துவிட்டு, கேட்ட விலைக்குத் தள்ளியிருந்தார்கள். சனிக்கிழமைதோறும் அவர்கள் பிடித்த மீன்களை நான் அளக்க, நீ எழுதிக்கொண்டாய். இன்னும் இரண்டு மாதம் பொறுத்தால் எடை ஜாஸ்தியாகும் என்றது மென்பொருள். நீ சொன்னாய், அவர்களும் வலையைச் சுருட்டி வைத்தார்கள். கம்ப்யூட்டர் எல்லாவற்றையும் யோசித்துத்தான் சொல்லும் என்று நம்பினோம், நான் உட்பட. அவர்களின் அந்த வருஷச் சாப்பாடு முழுக்க அந்தத் தண்ணீரில்தான் நீந்திக்கொண்டிருந்தது.

ஒருநாள் மாலை பஸ்ஸில் வரும்போது அந்த ஏரியின் மதகைத் திறந்து நிலக்கடலைக்குத் தண்ணீர் விட்டுக்கொண்டிருந்தார்கள். நீ சீட்டிலிருந்து துள்ளி எழுந்தாய்.

"யா அல்லா! இந்தப் புரோகிராம் எழுதினவன் ஊர்ல ஏரி வத்தவே வத்தாது போல. நம்மளுது சித்திரையில காஞ்சிடுமே! மீனு இன்னா தரையிலயா வளரும்?"

கண்டக்டர் திட்டத் திட்ட நடுவழியில் இறங்கினாய். "முதல்ல கம்ப்யூட்டர்ல சரிபாத்துட்டு நாளைக்கு சொல்லலாம், மானம் போயிடும்," என்று பின்னாலேயே ஓடிவந்து கெஞ்சினேன். "மானம் நாளைக்கும் இருக்கும். தண்ணி இருக்காது," என்றாய்.

சங்கத் தலைவர் முறைத்தார். "இன்னாம்மா, அன்னிக்கு வுட்டுவைன்னீங்க, இன்னிக்குப் புடின்றீங்க? வெளையாட்டா கீதா?"

"அன்னிக்கு நான் சொன்னது தப்புண்ணா. கம்ப்யூட்டர் மேல பழி போட மாட்டேன், கேக்காம நம்பினது நான்தான். திட்டணும்னா திட்டுங்க. ஆனா வலையை எடுங்க."

கூடியிருந்த ஆண்கள் அத்தனை பேர் முன்னால், படித்தவள் என்ற பவிசு கொஞ்சமும் இல்லாமல் நின்றாயே! எனக்குப் பயமாக இருந்தது. ஆனால் அவ்வளவு பெருமையாகவும் இருந்தது. மறுநாளே வலை இறங்கியது. தண்ணீர் முழங்காலுக்கு வருமுன் பெரும்பாலான மீன் சந்தைக்குப் போய்விட்டது. தலைவரே உன் வீட்டுக்கு ஒரு கட்லா மீன் கொண்டுவந்து கொடுத்தார்.

அதற்குப் பிறகுதான் அந்த மென்பொருளின் நிரலைத் திறந்தாய். வறண்ட மாதம் என்று ஒன்றைச் சேர்த்தாய். சேர்த்ததை, யாரும் கேட்காமலே, மென்பொருளை எழுதியவர்களுக்கும் அனுப்பிவைத்தாய். அடுத்த வருஷம் எப்போது மீன்குஞ்சு விடுவது என்று சங்கமே உன்னைத் தேடி வந்தது.

நீ போனபிறகும், நிரலில் இருக்கும் உன் பெயரைப் பார்த்து உனக்குக் கேள்விகள் வருகின்றன, ஏரி வற்றும் ஏதேதோ ஊர்களிலிருந்து. நீ இல்லை என்று எழுத முதலில் எனக்குக் கை வரவில்லை. தலை நரைத்தபிறகு உட்கார்ந்து நிரல் கற்றுக்கொண்டேன். இப்போது நான்தான் பதில் எழுதுகிறேன். சிரிக்காதே.

போன வாரம் ஒருவருக்குத் தவறாகச் சொல்லிவிட்டேன். தெரிந்த உடனே, இணையத்தில் எல்லாரும் படிக்கும் இடத்திலேயே எழுதினேன்: "நான் சொன்னது தப்பு. வலை போடுவதற்குள் இதைப் படித்துவிடுங்கள்." மானம் நாளைக்கும் இருக்குமடி.