ஷாஃப்ட் வாசலில் உட்கார்ந்தவர்கள்

2024 மார்ச் 4
தங்கச் சுரங்கம் இருந்த மாரிகுப்பத்தில், என் ஆவணப்படத்துக்காகக் கங்கம்மாவைப் படம் பிடித்தேன். எழுபதுகளில் சுரங்கத்துக்குள் பாறை வெடித்துச் சரிந்தபோது, சிக்கியவர்களின் உடல்களை எடுக்காமலே நிர்வாகம் அந்த லெவலை, அந்த ஆழத்துப் பாதையையே, மூடப் பார்த்ததாம். பெண்கள், சுரங்கத்துக்குள் ஆட்களை இறக்கும் ஷாஃப்ட்டின் வாசலில் உட்கார்ந்துவிட்டார்கள். ஷிஃப்ட்டுக்கு ஒருவரையும் இறங்க விடவில்லை. கடைசியில் தோண்டினார்கள். நான் படித்த எதிலும் இந்தப் பெண்கள் இல்லை.

கிளம்பும்போது கங்கம்மா, “எங்களயே சுத்தறியே வாணி, உங்கம்மாவ கேட்டியா? ஏழுமலைக்காக மொதல்ல போய்க் குந்துனதே அவதான்” என்றார்.

“ஏழுமலை யாரு?”

கேமராவைப் பார்த்தார். “அத அணைம்மா.” அணைத்தேன். “அவளோட மொத புருசன்.”

மார்ச் 5
ஒன்றும் தோன்றவில்லை. பல் தேய்த்தேன். பேட்டரிகளை சார்ஜில் போட்டேன். நாற்பது வயதில் தெரிகிறது எனக்கு. அழுகை வர வேண்டாமா? கோபமாவது?

மார்ச் 9
ஆண்டர்சன்பேட்டை, வீடு. அம்மா கீரை ஆய்ந்துகொண்டிருந்தாள். கேட்டுவிட்டேன். அவள் கை நிற்கவில்லை.

“கங்கம்மா சொன்னாளா?”

“நீ ஏம்மா சொல்லல?”

“அவரு பேர எடுத்தா உங்கப்பாவுக்கு இன்னாவோ மாதிரி இருக்கும்னு வுட்டுட்டேன். அப்புறம் அதுவே பழகிப்போச்சு.”

ஊரில் யார் யாரையோ பேச வைக்கிறேன். இந்த வீட்டிலேயே தின்னு, தூங்கி — இன்னாத்த பாத்துனு இருந்தேன் நானு?

மார்ச் 10
அப்பாவிடமும் கேட்டேன்.

“தெரிஞ்சிதான கட்டிக்கினேன். நானா கேட்டா, சந்தேகப்படறேன்னு நெனச்சுக்குவா. அதான் கேக்கல.”

மார்ச் 11
படப்பிடிப்பு இல்லை. படுத்திருந்தேன்.

மார்ச் 17
அம்மா பேசச் சம்மதித்தாள். நான் கேமராவை வைத்ததும் அப்பா செருப்பை மாட்டினார்.

“எங்க போறீங்க? நீங்களும் குந்துங்க” என்றாள் அம்மா.

உட்கார்ந்தார்.

“வூட்டுக்குப் போங்கம்மா, பாடி கெடைக்காதுன்னாங்க. தேடாம எப்படி கெடைக்கும்னு கேட்டேன். அப்புறம் ஒவ்வொருத்தரா மேல கொண்டாந்தாங்க. மொகத்த பாக்காதன்னு புடிச்சிக்கினாங்க. கால மட்டும் பாத்தேன். அவரு காலுதான்.”

அப்பாதான் கேட்டார். “ஆளு எப்படி இருப்பாரு?”

“ஒல்லியா. பல்லு கொஞ்சம் எடுப்பா” என்ற அம்மாவுக்குச் சிரிப்பு வந்துவிட்டது. “பாட்டு பாடுவாரு. கேக்க முடியாது.”

அப்பாவும் சிரித்தார். நான் ஃபோகஸ் சரியாக இருக்கிறதா என்று பார்த்துக்கொண்டிருந்தேன். அவ்வளவுதான் முடிந்தது.

ஜூன் 2
பெங்களூரில் எடிட்டிங். அம்மா முகத்துக்குக் கீழே என்ன எழுதுவது? ஏழுமலையின் மனைவி என்றா, அப்பா பெயரில் துரையின் மனைவி என்றா? போன் செய்தேன்.

“ரெண்டு பேரையும் போடு” என்றார் அப்பா.

அம்மா போனை வாங்கினாள். “எம் பேர, தாயம்மான்னு போடு. ஷாஃப்ட்டாண்ட குந்துனவளுன்னு போடு. போதும்.”

அப்படியே போட்டேன். எழுத்துகள் மங்கலாகத் தெரிந்தன. துப்பட்டாவால் திரையைத் துடைத்தேன். மங்கல் திரையில் இல்லை.