பன்னிரண்டின் தலைமேல் ஒரு கோடு

இன்று காலையில் உப்புப் போட்டு வைத்த கஞ்சி பொங்கி வழிந்துவிட்டது. மண்ணெண்ணெய் ஸ்டவ்வின் நீலத் தீ சட்டென்று மஞ்சளாகி, கருகல் வாடையோடு கொஞ்ச நேரம் ஆடியது. நான் துணி எடுக்காமல் அதையே பார்த்துக்கொண்டு நின்றேன். பள்ளிக்கூடத்துக்கு நேரமாகியிருந்தது. நீ பக்கத்தில் இருந்திருந்தால், "சோடியம் வந்துட்டுது, கும்பிட்டுக்கட்டி" என்று சிரித்திருப்பாய்.

திருவனந்தபுரத்தில் பி.ஏ. பௌதிகம் படித்தபோது விடுதி அறையில் நாம் திரும்பத் திரும்பப் போட்டுப் பார்த்த கணக்கு அந்த மஞ்சள் ஒளியினுடையது. ஒளி துளித்துளியாகத்தான் வருகிறது, ஒவ்வொரு துளிக்கும் இவ்வளவு ஆற்றல் என்று பேராசிரியர் சொன்னபோது வகுப்பே விழித்தது. போட்டான் என்ற பெயர் அப்போது புதிது. ஒரு மாறிலியை ஒளியின் வேகத்தால் பெருக்கி அலைநீளத்தால் வகுக்க வேண்டும், அவ்வளவுதான். ஆனால் எல்லாம் லாகரிதம் அட்டவணையில். கடைசியில் பத்தின் அடுக்காக வரும் பன்னிரண்டின் தலைக்கு மேல், அது குறையெண் என்று காட்ட ஒரு சின்னக் கோடு போட வேண்டும். நீ அதை மட்டும் மறந்துவிடுவாய். இம்மியாக வரவேண்டிய விடை மலையாக வந்து நிற்கும்.

"உன் கணக்குல ஒரே ஒரு துளி போதும்ட்டி, ஒரு செம்புத் தண்ணி கொதிச்சிரும்" என்றேன் ஒருநாள், மெனக்கெட்டுக் கலோரியாக மாற்றிப் பார்த்துவிட்டு.

"நல்லதுதானே, வெறகு மிச்சம்" என்றாய்.

ஆனால் அந்தக் கோடு விளையாட்டில்லை என்று இருவருக்கும் தெரியும். உங்கள் ஊர் கொட்டாரத்தில் உன் அப்பா, கொழும்பில் வேலை பார்க்கும் ஒருவருக்கு உன்னைப் பேசி வைத்திருந்தார். நீ அழுது அடம்பிடித்ததில் ஒரு வாக்குக் கொடுத்தார். பாஸானால் கல்யாணப் பேச்சே இல்லை, நாகர்கோவிலில் பெண்கள் பள்ளிக்கூடத்து வேலைக்குப் போகலாம். தோற்றால் கப்பல். பள்ளியிலும் உன்னை எடுத்துக்கொள்வதாகச் சொல்லியிருந்தார்கள்.

பரீட்சையில் அதே கேள்வி வந்தது. வெளியே வந்ததும் என் கையைப் பிடித்துக்கொண்டாய். "ஏட்டி, நான் கோடு போட்டேனா? ஓர்மையே இல்லியே." ஊருக்குத் திரும்பும் பஸ்ஸில், தக்கலையில் நான் இறங்கும்வரை அதையே கேட்டுக்கொண்டு வந்தாய். போட்டிருப்பாய், போட்டிருப்பாய் என்றேன்.

நீ போட்டிருந்தாய். என்னைவிட நல்ல மார்க்கோடு பாஸானாய். செய்தி கேட்டு நான் கொட்டாரத்துக்கு ஓடி வந்தபோது, உன் அப்பா எல்லாருக்கும் முந்திரிக்கொத்துப் பலகாரம் கொடுத்துக்கொண்டிருந்தார். என் கையிலும் ஒன்றை வைத்தார்.

"வடசேரிக்கு, மாப்பிள்ள வீட்டுக்கு ஆளனுப்பினேன் மக்கா. பி.ஏ. பாஸான பொண்ணுன்னதும் அவியளுக்கு ஒரே சந்தோசம். அடுத்த மாசமே கெட்டிரலாம்னு சொல்லுதாவ."

கொடுத்த வாக்கு அவருக்கு மறந்துவிடவில்லை. பிள்ளையைச் சமாதானப்படுத்தச் சொன்ன பேச்சு அது, அவ்வளவுதான். முகத்தில் கொஞ்சமும் கூச்சமில்லை. அதை நினைத்தால் எனக்கு இன்றைக்கும் ஆத்திரம் வருகிறது. நீ உள்ளறையில் சுவரில் சாய்ந்து உட்கார்ந்திருந்தாய். நான் அழுதேன், நீ அழவில்லை. "கணக்கு சரியாத்தான் வந்திருக்கு, பாத்தியா" என்று மட்டும் சொன்னாய்.

கொழும்பில் முதல் பிரசவத்திலேயே நீ போய்விட்டாய். இங்கே உனக்காக வைத்திருந்த வேலைக்கு என்னைக் கூப்பிட்டார்கள். கத்திக் கத்தி எனக்குத் தொண்டை கட்டிப்போகிறது. சாயங்காலமானால் கால் இரண்டும் கடுக்கின்றன. ஞாயிற்றுக்கிழமை கோவிலில் உட்கார்ந்தால் பிரசங்கம் முடியும் முன்பே தூங்கிவிடுகிறேன். போதும், வேலையை விட்டுவிடு என்று அம்மா சொல்லாத நாளில்லை. அது என் வேலையாக இருந்திருந்தால் எப்போதோ விட்டிருப்பேன்.