முகமூடிக்குள் இருந்தவர்

அன்பு மாறாத என்னவருக்கு,

நீங்கள் பொய் சொல்லவில்லை. இதை எழுத எனக்கு இத்தனை வருடம் ஆகியிருக்கிறது.

மில் வேலையாக ஜப்பானில் ஆறு மாதம் இருந்துவிட்டு ஒரு போட்டோவோடு வந்தீர்களே, நினைவிருக்கிறதா? உங்கள் தோளில் கைபோட்டபடி, வெள்ளி முகமூடி மாட்டிய சண்டை வீரர் ஒருவர். "நான் தங்கியிருந்த ஊட்டுக்காரம்மா பையன், கென்ஜி. அங்க டிவி நாடகத்துல ஹீரோவே இவன்தான்" என்றீர்கள்.

சூலூரில், விருந்துக்குக் கூடியிருந்த எல்லோர் முன்னாலும் என் தம்பி கேட்டான்: "ஏனுங்க மச்சான், மூஞ்சியே தெரியலீங்களே! உள்ளார நானே இருந்தாலும் ஆருக்குத் தெரியும்?"

எல்லோரும் சிரித்தார்கள். நானும் சிரித்திருந்தால் பரவாயில்லை. "பெருமையடிச்சது போதும், உள்ளே வைங்க" என்றேன். படத்தைச் சட்டைப்பையில் வைத்தீர்கள். பிறகு அந்தப் பேச்சையே எடுக்கவில்லை. உங்கள் மௌனத்தை நான் ஒப்புதலாக எடுத்துக்கொண்டேன். இதில் பொய் என்றால் வேறு எதிலெல்லாம்? அதை நான் கேட்கவும் இல்லை, மறக்கவும் இல்லை.

நீங்கள் கண்மூடியதும், யாரும் விடுபடக் கூடாதென்று, உங்கள் டைரியிலிருந்த ஒவ்வொரு விலாசத்துக்கும் தகவல் எழுதினேன். ஜப்பானுக்கும்தான். போன வாரம் கென்ஜியிடமிருந்து பதில் வந்தது. நல்ல ஆங்கிலம், இரண்டே பிழைகள்.

பதினைந்து வருடம் முகமூடிக்குள்ளேயே குதித்து, விழுந்து, உதை வாங்கினாராம். அந்த வீரனின் பொம்மை கேட்டு அழும் குழந்தைகள், பக்கத்தில் நின்ற அவரைத் திரும்பிக்கூடப் பார்க்க மாட்டார்களாம். முழங்கால் போனபின், அடிபடாமல் விழுவது எப்படி என்று இளைஞர்களுக்குச் சொல்லிக்கொடுத்தாராம். இப்போது ஒரு துப்பறியும் தொடரில், சொந்த முகத்தோடு, வயதான போலீஸ்காரர். நம் தெருவுக்கும் கேபிள் வந்துவிட்டது. அந்தத் தொடர்தான் வருவதில்லை.

கூடவே ஒரு போட்டோ. அதே இடம், அதே உடை. முகமூடி மட்டும் உங்கள் கையில். வேர்த்து வெந்த ஓர் இளைஞனின் முகத்துக்கு நீங்கள் செய்தித்தாளால் விசிறுகிறீர்கள். வெயிலில் மயங்கியவரின் முகமூடியைக் கழற்றியது நீங்கள்தானாமே? இதை ஏன் என்னிடம் சொல்லவில்லை? சொல்ல நான் இடம் கொடுத்தேனா?

தம்பியிடம் காட்டினேன். "அக்கா, மச்சான் நெசந்தானுங்க சொல்லியிருக்கறாரு! நாந்தான் வாயை வெச்சுட்டுச் சும்மா இருக்காம..."

"உன் பங்கை நீ பார்த்துக்க. என் பங்கு பெரிசு" என்றேன். மனம் எவ்வளவு லேசாகிவிட்டது தெரியுமா?

வரும் ஞாயிறு அவன் பேத்திக்குக் காதுகுத்து. அன்று சிரித்தவர்களில் இன்னும் இருப்பவர்கள் எல்லோரும் வருவார்கள். பந்தி தொடங்குமுன் எழுந்து நின்று சொல்வேன்: அவர் சொன்னது உண்மை, நம்பாதது நான். சொல்லிவிட்டுத்தான் இலையில் உட்காருவேன்.

உங்கள் மனைவி,
சரஸ்வதி