புளியங்கொட்டைப் பை

இன்று மத்தியானம், நீ என்னிடம் விட்டுப்போன புளியங்கொட்டைப் பையைப் பரணிலிருந்து இறக்கினேன். கேமராவை நிறுத்த ஸ்டாண்டு வாங்காமல், பழைய சேலைத் துணியில் புளியங்கொட்டையை நிரப்பி நீயே தைத்துக்கொண்ட பை. முகர்ந்தால் இன்னும் ஆனைக்குட்டம் அணையின் சேற்று வாடை. நீ இறந்துபோன அன்று நான் பாப்பாவைப் பெற்றுப் பிரசவ வார்டில் இருந்தேன். உன் முகம் பார்க்க வரவில்லை. இந்த மடலும் இரண்டு வருஷம் பிந்தித்தான் வருகிறது.

தண்ணீர்க்கரையில் பையை வைத்து, அதன்மேல் கேமராவை அமுக்கி உட்காரவைத்து, கையை எடுத்துவிடுவாய். அப்புறம் அதைத் திருப்பவும் மாட்டாய், தொடவும் மாட்டாய். வெயிலில் தண்ணீரும் வானமும் ஒன்றாகிவிடும். கொக்குகள் எதில் நிற்கின்றன என்றே தெரியாது. எனக்குக் கண் சொக்கும்.

“ஏட்டி, இதெல்லாம் ஒரு படமா? ஒண்ணுமே நடக்கலையே.”

“நீ வாயை மூடுனா நடக்கும்.”

ஒருநாள் தூரத்தில் டொம்மென்று ஒரு சத்தம். கொக்குகள் மொத்தமாக எழுந்தன. அந்தச் சத்தம் கேட்டால் நம் ஊரில் யாரும் பறவையைப் பார்ப்பதில்லை. புகை எந்தப் பக்கம் என்றுதான் பார்ப்போம். அம்மா பட்டாசுக் கம்பெனியில் வேலையில் இருந்தாள். “யம்மா!” என்று அலறிக்கொண்டு ஓடினேன். எதிரே வந்த லோடு வண்டிக்காரர்தான் நிறுத்தினார்: “புது வெடியச் சோதிச்சுப் பாக்குறாக, அம்புட்டுத்தான். எதுக்குத் தாயி அழுவுற?”

திரும்பி வந்தால் உன் கேமரா ஓடிக்கொண்டிருந்தது.

“எங்கம்மாவுக்கு என்னமோ ஏதோன்னு ஓடுறேன், நீ அதை நிறுத்தக்கூட இல்லையே!”

“நிறுத்தியிருந்தா, கொக்கு திரும்பி வந்ததை யாருடி பார்த்திருப்பா?”

ஒரு வாரம் உன்னோடு பேசவில்லை. அந்தப் படத்தில் என் அலறலும் இருக்கிறது. அதற்குப் பிறகு நெடுநேரம் வெறும் தண்ணீர். பிறகு ஒரு கொக்கு. அப்புறம் இன்னொன்று.

பாப்பாவுக்கு இரண்டு வயது முடிந்தும் ஒரு வார்த்தை வரவில்லை. “அம்மா சொல்லு, காக்கா சொல்லு” என்று நாள் முழுக்க நச்சரிக்கிறேன். “நீங்க எதுவும் சொல்லிக் கொடுக்காம, அவளா விளையாடுறதை வீடியோ எடுத்துட்டு வாங்க” என்றார் டாக்டர். ஆறு தடவை எடுத்தேன். ஆறிலும் என் குரல்தான். அதனால்தான் உன் பையைத் தேடினேன்.

பையின்மேல் போனைச் சாய்த்துவிட்டு, கைகளைத் தொடைக்கடியில் வைத்து உட்கார்ந்தேன். பாப்பா வாசற்படியில் குந்தி, முறுக்குத் துணுக்கை இழுத்துப்போகும் எறும்பைப் பார்த்துக்கொண்டிருந்தாள். ‘எறும்பு சொல்லு’ என்று தொண்டைவரை வந்துவிட்டது. உதட்டைக் கடித்துக்கொண்டேன். அவள் முடியில் விழுந்த வெயில் மெல்ல நகர்ந்து தோளுக்கு வந்தது.

சட்டென்று திரும்பி என்னைப் பார்த்தாள். எறும்பை நோக்கி விரல் நீட்டினாள். மறுபடி என்னைப் பார்த்தாள். இதுவரை எனக்கென்று அவள் எதையும் காட்டியதில்லை.

வார்த்தை வரவில்லைதான். நாளைக்கு டாக்டர் என்ன சொல்வாரோ என்ற பயமும் போகவில்லை. ஆனாலும் நான் பேசவில்லை. நகர்ந்து போய் அவள் பக்கத்தில் குந்தினேன். எறும்பு படியைத் தாண்டி மறைந்தது. போன் ஓடிக்கொண்டிருந்தது. திரும்பி வருமோ என்று நாங்கள் இருவரும் பார்த்துக்கொண்டிருந்தோம்.