அப்பா படத்துக்கு அம்மன் மாலை

அன்பு மகள் கோபிகாவுக்கு, மாரியம்மன் கருணையால் இங்கே இருவரும் எழுந்து நடமாடுகிறோம், நீயும் மஸ்கட் வெயிலில் உடம்பு கெடாமல் இருக்க அவளையே கேட்டுக்கொண்டு எழுதுகிறேன். போனில் பேசினால் அப்பா பக்கத்திலேயே உட்கார்ந்துவிடுகிறார், அதனால் இருளாயி மருமகள் அங்கே வருகிறாள் என்றதும் இதை அவள் கையில் கொடுக்கிறேன். ஓப்பநாயக்கப் பக்கம் மழை விடவில்லை. நீ அனுப்பிய பணத்தில் குசினிக் கூரைத் தகரம் மாற்றினேன், மிச்சம் உன் பேரில் பத்திரமாக இருக்கிறது.

வாதம் வந்த பிறகு அப்பாவுக்கு நாக்குக் குழறுவது உனக்குத் தெரியும். அதோடு டிவி நாடகக்காரர்கள் கூப்பிடுவதும் நின்றுபோனது. மாசி மாதக் காமன் கூத்தில் ரதி வேஷம் கட்டிக்கொண்டிருந்தவரை, தேயிலைத் தோட்டத்துக்குப் படம் பிடிக்க வந்த சிங்கள டைரக்டர் கூட்டிப்போனார், அன்றிலிருந்து வாச்சர், கண்டக்டர், கதாநாயகனின் தகப்பன் என்று எத்தனை வேஷம். இன்றைக்கும் பலாங்கொடை பஸ்ஸில் வாடிவென்ன அய்யே என்று சிங்களத்தில் உட்காரச் சொல்லி எழுந்து இடம் கொடுக்கிறார்கள். நாடகத்தில் எத்தனை தடவை செத்தார் என்றும் எனக்குக் கணக்குத் தெரியும், ஒவ்வொன்றுக்கும் மறுநாள் கோயிலில் விளக்குப் போட்டிருக்கிறேன். ஆனால் செத்துவிட்டு வீட்டுக்கு வந்து சோறு கேட்பார்.

போன மாதம் நாடகக் கம்பனியில் வேலை செய்யும் மாவனல்லைப் பிள்ளை நுஸ்ஹா வந்து அப்பாவின் போட்டோ கேட்டது. வேஷம் வந்துவிட்டது என்று நினைத்து வடை சுட்டேன். பிள்ளை குசினிக்குள் வந்து, அங்கிளுக்கு ஸீன் இல்ல ஆன்ட்டி, கதையில அவர் மௌத்தாகிக் கனகாலம், சுவர்ல மாலை போட்டு வைக்கத்தான் படம் என்றது. அடுப்பை அணைத்துவிட்டேன். உயிரோடு இருக்கிறவர் படத்துக்கு மாலையா, தரமாட்டேன் என்றுவிட்டேன்.

அப்பாவுக்கு எல்லாம் முன்பே தெரிந்திருக்கிறது, போனில் சம்மதமும் சொல்லியிருக்கிறார். ஆல்பத்தில் உள்ளது சிரித்த மூஞ்சி, ஆகாது, புதுசா எடுப்போம் என்று கண்ணாடி முன்னால் உட்கார்ந்துவிட்டார். பேச்சே இல்லையே, எதற்குப் பழகுகிறீர்கள் என்று கேட்டேன். வாய்தான் போச்சு, மொகம் இருக்குல்ல, சொல்லாம விட்ட ஒரு வார்த்த அதுல நிக்கணும், கதையில மகங்காரன் நிமிந்து படத்தப் பாக்கயில தெரியணும் என்றார். அப்புறம் மெதுவாக, இதையும் நீ வேணாம்னா நா வீட்டுலயே ஒக்காந்துக்கறேன் என்றார். அதற்கு மேல் என்னால் மறுக்க முடியவில்லை மகளே. ஆனாலும் அடிக்கடி தாலியைத் தொட்டுப் பார்த்தபடி கிடந்தேன்.

வெள்ளிக்கிழமை கோயிலில் பூசாரி அம்மன் கழுத்து மாலையை எடுத்துத் திருவிழாத் தலைவருக்குப் போட்டார். அதைப் பார்த்ததும், அம்மன் மாலை என்றால் ஆசீர்வாதம்தானே என்று ஒரு வழி தெரிந்தது. உங்கள் மாலை வேண்டாம், நான் கட்டி அம்மனுக்குப் போட்டு எடுத்துத் தருகிறேன், அதைத்தான் போட வேண்டும் என்று நுஸ்ஹாவிடம் சொன்னேன். பூ வாடினா ஸீனுக்கு ஸீன் மாறிப்போகும், பிளாஸ்டிக்தான் லேசு என்று அது இழுத்தது. ஷூட்டிங் பக்கத்தில் பெல்மடுல்லையில்தானே, முடியும்வரை புதிதாகக் கட்டித் தருகிறேன் என்றேன். அப்பா கேட்டுவிட்டு, பாத்தியா, ஒனக்கும் வேஷம் கெடச்சிருச்சு என்று கோணல் வாயால் சிரிக்கிறார். ஒவ்வொரு பூவுக்கும் அம்மன் பேரைச் சொல்லித்தான் மாலை கட்டுகிறேன்.

நேரத்துக்குச் சாப்பிடு, கையில் கட்டிய கயிற்றைக் கழற்றாதே, அம்மன் உன் கூடவே இருப்பாள். நாடகம் உன் போனில் வந்தால் உடனே பார்க்காதே. முதலில் அப்பாவுக்குப் போன் போடு, அவர் குரலைக் கேட்டுவிட்டு அப்புறம் பார். மாலையைப் பற்றிப் பேசாதே, முகம் நன்றாக வந்திருக்கிறது என்று மட்டும் சொல்.

உன் நலமே வேண்டும்
அம்மா சுப்பம்மா