பாலத்துக்கு இந்தப் பக்கம்

1958 நவம்பர் 3, திங்கள்

காலையிலிருந்து தூறல். அச்சகத்துக் காதர் இறந்து இன்றோடு நாற்பது நாள். திருச்சியில் அவர் வீட்டில் பாத்திஹா ஓதுகிறார்கள். அவருடைய மச்சான் யூசுப் போன வாரமே வந்து சொல்லிவிட்டுப் போனார். "நீங்க அவசியம் வரணும்ணே. அக்கா சொல்லச் சொல்லுச்சு."

வெள்ளைச் சட்டை. கையில் அரை டஜன் ஆரஞ்சு. பத்து மணிக்குக் கிளம்பினேன். காவேரிப் பாலம் வரை சரியாகப் போனேன். பாலத்தில் கால் வைத்ததும் முழங்காலுக்குக் கீழே ஒன்றும் இல்லாதது போல. திரும்பி வந்துவிட்டேன்.

கோமதி பழத்தை வாங்கிக் கூடையில் போட்டாள்.

மத்தியானம் மிளகு ரசம். நன்றாக இருந்தது. இரண்டு தரம் வாங்கிக்கொண்டேன். அழுகை வரவில்லை. அன்றும் வரவில்லை.

நவம்பர் 4, செவ்வாய்

அச்சக முதலாளியிடமிருந்து கடிதம். மரியாதையான கடிதம்தான். நாற்பது நாளாக வீட்டிலிருந்தே புரூஃப் பார்க்கிறீர்கள், தபாலில் போய் வரத் தாமதமாகிறது, டிசம்பர் ஒன்றாம் தேதியிலிருந்து நேரில் வர இயலாவிட்டால் வேறு ஆள் பார்க்க வேண்டியிருக்கும்.

பதினான்கு வருஷமாகப் புரூஃப் ரீடர். வேறு வேலை தெரியாது.

இன்று பார்த்தது: மனத்தத்துவப் புத்தகம், அத்தியாயம் 7, "பழக்கம்". எழுதியவர் ஒரு கல்லூரிப் புரொபசர். அன்றாட வாழ்க்கைக்கு மனத்தத்துவம் எப்படி உதவும் என்று எல்லோருக்கும் புரிகிற தமிழில். மணி அடித்துச் சோறு போட்டால், பிறகு மணிச் சத்தத்துக்கே நாய்க்கு எச்சில் ஊறுமாம்.

நாலு மணிக்குத் தெருவில் சைக்கிள் மணி இரண்டு முறை. எழுந்து வாசலுக்குப் போய்விட்டேன். பால்காரர்.

காதர் அப்படித்தான் அடிப்பார், இரண்டு முறை.

நவம்பர் 5, புதன்

வெயில். பதினொரு மணிக்கு வாசலில் குடையோடு ஒருவர். அந்தப் புரொபசரே. ஐம்பது வயது இருக்கும். ஒல்லி. வியர்வையைத் துடைத்தபடி உட்கார்ந்தார்.

"என்ன சார் இது? போன பாரத்துல, பதினாறே பக்கத்துல, பதினெட்டுப் பிழை விட்டிருக்கீங்க. உங்களப் பத்தி அச்சகத்துல அவ்வளவு ஒசத்தியாச் சொன்னாங்களேன்னு நேர்லயே பாத்துட்டுப் போகலாம்னு வந்தேன்."

வாங்கிப் பார்த்தேன். உண்மை. "அச்சம்" என்பதே ஓரிடத்தில் "அச்சகம்" என்று போயிருக்கிறது.

கோமதி காப்பி கொண்டுவந்தாள். நான் வாய் திறப்பதற்குள் அவளே சொல்லிவிட்டாள்.

"இவருக்குக் காய்ச்சல்னு, எழுத்துக் கோக்குற காதர் அண்ணன்தான் சைக்கிள்ல புரூஃப் கொண்டுவந்து குடுத்துட்டுப் போவாங்க. அன்னிக்கு இங்கேருந்து திரும்பிப் போகும்போது பாலத்துல நெல்லு லாரி அடிச்சிருச்சு. ஏழாவது வெளக்குக் கம்பத்துக்கிட்ட. அதுலேருந்து இவரு பாலத்தத் தாண்டல."

புரொபசர் காப்பியைக் கீழே வைத்தார். ஆறாவது அத்தியாயம் பயத்தைப் பற்றியது என்றார். தெரியும், நான்தான் படித்தேன் என்றேன். பயப்படும் பொருளைக் கொஞ்சம் கொஞ்சமாக நெருங்க வேண்டும், மனசு சமாதானமாகும் வரை அங்கேயே நிற்க வேண்டும், பிறகே அடுத்த படி.

"செஞ்சு பாக்கலாமா சார்?"

"நீங்க யாருக்காவது செஞ்சிருக்கீங்களா?"

"இல்ல. படிச்சு எழுதினதுதான்."

அந்தப் பதில் பிடித்தது. சரி என்றேன்.

நவம்பர் 6, வியாழன்

அம்மா மண்டபம் பக்கம் பாலத்தின் தலைப்பு. அரை மணி நின்றோம். நிற்பது மட்டும்தான் இன்றைய வேலை. கால் மரத்தது, பிறகு சரியாயிற்று. ஆற்றில் செம்மண் நிறத் தண்ணீர்.

புரொபசர் என் நாடியைப் பிடித்து எண்ணினார். பெரிய டாக்டர் மாதிரி. பிறகு பல்லிக்குத் தான் பயப்படுவதாகச் சொன்னார். வீட்டில் பல்லி விழுந்தால் மனைவிதான் வந்து விரட்ட வேண்டுமாம்.

"அப்ப ஆறாவது அத்தியாயம்?"

"பல்லிகிட்டப் போய் நிக்க யாரால முடியும்?"

சிரித்தேன். சிரித்தது எனக்குக் கேட்டது, யாரோ அடுத்த வீட்டில் சிரிப்பது போல.

நவம்பர் 8, சனி

மூன்றாவது கம்பம் வரை. கைப்பிடிச் சுவரைத் தொட்டுக்கொண்டே. கீழே துணி துவைக்கிற பெண்கள். "இந்த ரெண்டு பேரும் தெனம் வந்து கம்பத்த எண்ணிட்டுப் போறாங்க பாரு." "கரெண்டு ஆபீஸ்காரங்களா இருக்கும்."

வாங்க வேண்டியவை: நல்லெண்ணெய், சீயக்காய், சிவப்பு மை, கோ.வுக்கு இருமல் மருந்து.

நவம்பர் 10, திங்கள்

தீபாவளி. தெரு முழுக்க வெடி. எண்ணெய்க் குளியல். போன வருஷம் இதே நாளில் காதர் தன் இரண்டு பெண்களையும் சைக்கிளில் முன்னும் பின்னும் வைத்துக்கொண்டு வந்தார். சின்னது ஓயாமல் மத்தாப்பு கேட்டது. கோமதி இன்று அதைச் சொல்லி அழுதாள். நான் பக்கத்தில் உட்கார்ந்து அதிரசம் தின்றுகொண்டிருந்தேன்.

"உங்களுக்கு ஒண்ணுமே இல்லையா?" என்றாள்.

துக்கம் இருக்க வேண்டிய இடம் தெரிகிறது. உள்ளே போனால் யாரும் இல்லை.

நவம்பர் 12, புதன்

ஐந்தாவது கம்பம். எதிரே லாரி. கரும்பு ஏற்றியது, மெதுவாகத்தான் வந்தது. எப்படித் திரும்பினேன் என்று தெரியாது. பாலத்தின் தலைப்பில், வெற்றிலைக் கடைப் பலகையைப் பிடித்துக்கொண்டு நின்றேன். செருப்பு ஒன்று காணோம். புரொபசர் அதைக் கையில் எடுத்துக்கொண்டு, குடையையும் பிடித்துக்கொண்டு வந்து சேர்ந்தார்.

செருப்பைக் காலடியில் வைத்தார். கல்லூரிப் புரொபசர். எனக்குக் கூச்சமாக இருந்தது. அதுவும் ஒரு உணர்ச்சிதானே. குறித்து வைக்கிறேன்.

நவம்பர் 14, வெள்ளி

பாலத்துக்குப் போகவில்லை. படித்துறையில் உட்கார்ந்தோம். மேகமூட்டம்.

புரொபசர் கேட்டார்: "லாரிக்கு மட்டுமா சார் பயம்?"

யாரிடமும் சொல்லாததைச் சொன்னேன். அன்று சாயங்காலம் காதர் ஐந்தரைக்கே கிளம்ப எழுந்துவிட்டார். தூறல் போடுது, போயிடறேன் என்று. நான்தான் நிறுத்தினேன். ஓரிடத்தில் ஒற்று வருமா வராதா என்று சந்தேகம். அவருக்கு வரக்கூடாது, எனக்கு வரவேண்டும். பத்து நிமிடம். வாசற்படியில் ஒரு காலை வைத்துக்கொண்டே பேசினார். அந்தப் பத்து நிமிடம் இல்லாவிட்டால் லாரி வரும்போது அவர் பாலத்தைத் தாண்டியிருப்பார்.

ஒற்று வரும் என்று நான்தான் ஜெயித்தேன்.

புரொபசர் தண்ணீரைப் பார்த்தபடி, "இத அவங்க வீட்ல சொல்லிடுங்க சார். மனசுல இருக்கறதச் சொல்லிட்டா பாரம் குறையும். கடைசி அத்தியாயத்துல எழுதியிருக்கேன்."

நவம்பர் 16, ஞாயிறு

பாலத்தைக் கடந்தேன்.

லாரி வரும் பக்கம் புரொபசர், சுவர்ப் பக்கம் நான். வழி நெடுகத் தன் மாப்பிள்ளையைப் பற்றிக் குறை சொல்லிக்கொண்டே வந்தார், வேண்டுமென்றேதான். ஏழாவது கம்பத்தில் நின்றேன். பார்ப்பதற்கு ஒன்றும் இல்லை. தார், சாணி, யாரோ துப்பிய கரும்புச் சக்கை. நாடி வேகம். நின்றேன். குறைந்தது. நடந்தேன். அந்தக் கரையில் அவர் என் கையைக் குலுக்கினார். சொந்தப் பரீட்சையில் பாஸானது போல அவர் முகம். விடைபெற்றுக்கொண்டார்.

பெரிய கடை வீதிக்குப் பின்னால் சந்து. காதர் வீடு. யூசுப் நாற்காலி போட்டார். காதரின் மனைவி ஜைனம்பு இத்தாவில் இருக்கிறார். நாலு மாதம் பத்து நாள் அந்நிய ஆண்கள் முன்னால் வரமாட்டார். உள் கதவில் பச்சைத் திரை. அதற்குப் பின்னாலிருந்து குரல் மட்டும்.

"வாங்கண்ணே. அண்ணி நல்லாருக்காங்களா?"

நாற்பதாம் நாள் வராததற்கு மன்னிப்புக் கேட்டேன். பிறகு சொன்னேன். வரும் வழியெல்லாம் வாக்கியம் வாக்கியமாகத் தயார் செய்திருந்தேன். வாயில் வந்தது இவ்வளவுதான்:

"அன்னிக்கு அவர் அப்பவே கிளம்பிட்டார்மா. நான்தான் பத்து நிமிஷம் நிறுத்தி வெச்சேன். ஒரு எழுத்துக்காக."

யூசுப் தரையைப் பார்த்தார். சின்னப் பெண் வந்து என் குடையைத் தொட்டுப் பார்த்துவிட்டு ஓடியது.

"இத எனக்கு ஏண்ணே சொன்னீங்க?"

திரைக்குப் பின்னாலிருந்த குரலில் கோபம் இல்லை. கேள்விதான்.

"இத்தன நாளு அல்லா கூப்பிட்டுக்கிட்டான்னு இருந்தேன். இனிமே தெனம் அந்தப் பத்து நிமிஷத்தையும் நெனைக்கணும்ல?"

"அக்கா..." என்றார் யூசுப்.

"நீ சும்மா இரு."

எழுந்து நின்றேன். போவதா உட்காருவதா தெரியவில்லை. கையில் குடையை எடுத்துக்கொண்டேன்.

"சொன்னது சொல்லிட்டீங்க. பாதியில விட்டுட்டுப் போகாதீங்க. அந்தப் பத்து நிமிஷமும் என்ன பேசுனாகன்னு எனக்கு வேணும். ஒண்ணு விடாம. இன்னிக்கு என்னால முடியாது. வர்ற வெள்ளிக்கெழம தொழுகைக்கு அப்பறம் வாங்க."

யூசுப் தெருமுனை வரை வந்தார்.

திரும்பும்போது தனியாகத்தான் நடந்தேன். ஒரு லாரி தாண்டிப் போனது. சுவரோடு ஒட்டி நின்றேன், அவ்வளவுதான்.

நவம்பர் 17, திங்கள்

அச்சகம். முதலாளி, "வாங்க வாங்க" என்றார். காதரின் இடத்தில் புது ஆள். எழுத்துப் பெட்டியை வேறு மாதிரி அடுக்கி வைத்திருக்கிறார்.

கடைசி அத்தியாயம் புரூஃப் வந்தது. "மனத்தில் உள்ளதைப் பிறரிடம் சொல்லிவிட்டால் பாரம் குறையும்." ஓரத்தில் சிவப்பு மையில் "யாருக்கு?" என்று எழுதினேன்.

மாலையில் புரொபசர் வந்தார். அந்த வீட்டில் நடந்ததைச் சொன்னேன். மூக்குக் கண்ணாடியைக் கழற்றி ரொம்ப நேரம் துடைத்தார்.

"நான் இத யோசிக்கல சார்."

வரியை எடுத்துவிடலாமா என்றேன். பக்கம் குலைந்துவிடும், பைண்டருக்கு நாள் சொல்லியாகிவிட்டது, இரண்டாம் பதிப்பில் பார்க்கலாம் என்றார். பிறகு போகும்போது வாசலிலிருந்து திரும்பி வந்து, "வெள்ளிக்கிழமை போவீங்கல்ல?" என்றார்.

நவம்பர் 20, வியாழன்

மழை. நாளை வெள்ளி. அன்று பேசியதை எழுதிப் பார்க்கிறேன்.

ஒற்று வரக்கூடாது, காதில் இடிக்கிறது என்றார்.

இலக்கணத்துக்குக் காது கிடையாது என்றேன். அதற்குச் சிரித்தார்.

றகர எழுத்து தேய்ந்துபோச்சு, புதுசு வார்க்கச் சொல்லணும் என்றார்.

பெரிய பெண்ணுக்குக் கணக்கு வருகிறது, தமிழ்தான் வரவில்லை, நீங்க சொல்லிக் குடுங்க என்றார். சரி என்றேன்.

கோமதி உள்ளேயிருந்து, மழை வலுக்கும், குடை தரட்டுமா என்று கேட்டாள். சைக்கிளில் குடை எதுக்கும்மா என்றார்.

பிறகு ஒற்று போட்டுக்கொள்ளுங்க, உங்க இஷ்டம் என்றார்.

இவ்வளவும் இரண்டு நிமிடம்கூட வராது. மீதி எங்கே? கோமதியைக் கேட்டேன். அவளுக்கும் இதற்கு மேல் தெரியவில்லை.

கடைசியில் "போயிட்டு வரேன்" என்றாரா, "வரேன்" என்றாரா? நான் அப்போது தலை குனிந்து ஒற்றைப் போட்டுக்கொண்டிருந்தேன்.