தெப்பத்தில் மிச்சம் நின்ற அரை விரல்

என் உயிரான அண்ணனுக்கு,

அன்று மாலை தெப்பத்தில் ஏறத் தயாராக நின்றவர்கள் இவர்கள்தான்: சாமியும் அம்பாளும். குருக்கள். நாதஸ்வரக்காரர் ஒருவர், தவில்காரர் ஒருவர். நான்கு மூலையிலும் கழி ஊன்ற நான்கு பேர்; அதில் ஒருவர் உங்கள் மச்சான், அதாவது என் வீட்டுக்காரர். தீபத்தட்டோடு உங்கள் மகள் தேன்மொழி. கடைசியாக, கோயில் தர்மகர்த்தா ஏகாம்பரம் மாமா. நான் கரையில்தான் நின்றேன். என்னைச் சேர்க்க வேண்டாம்.

ஆள் கணக்கை ஏன் முதலில் சொல்கிறேன் என்று உங்களுக்குத் தெரியும். எந்தக் கப்பலைப் பற்றிப் பேச்செடுத்தாலும், "உள்ள இன்னா இருக்குது, யார் யார் இருக்காங்க, அத மொதல்ல சொல்லு" என்பீர்களே.

நீங்கள் எங்களை விட்டு ஒரேயடியாகப் போய் இரண்டு வருஷம் ஆகிறது அண்ணா. இந்த வருஷம் மழை கொட்டித் தீர்த்து, நம் கோயில் குளம் மேல்படி வரைக்கும் நிறைந்துவிட்டது. தெப்பம் விட்டே ஆக வேண்டும் என்று ஊரே ஒற்றைக்காலில் நின்றது. பழைய தெப்பத்தின் மரமெல்லாம் செல்லரித்துப் போயிருந்தது. இவர் வேலை பார்க்கும் தோல் கம்பெனியின் மேனேஜர் கரீம் பாய், மருந்து தீர்ந்த நீல டிரம்களைக் கழுவி லாரியில் அனுப்பி வைத்தார். படுக்கவைத்த டிரம்களின் மேல் சவுக்குக் கட்டையும் பலகையும் போட்டுக் கட்டினால் தெப்பம் ரெடி.

அங்கேதான் ஒரு பேச்சு கிளம்பியது. "தோல் கம்பெனி டிரம்மு மேலயா சாமிய ஏத்தறது?" என்று ஏகாம்பரம் மாமா இழுத்தார்.

இவருக்கு வந்ததே கோபம். "கோயில் வெளக்குக்கு மாசா மாசம் எண்ண வாங்கித் தர்றேனே மாமா, அது எந்தக் கம்பெனி சம்பளம்? அத மட்டும் சாமி மூக்க மூடிக்கினு வாங்கிக்கிறாரா?"

சிரிப்பில் பேச்சு முடிந்தது. ஆனாலும் மனசு ஆறட்டும் என்று, டிரம்களின் மூடியைத் திறந்து ஒவ்வொன்றிலும் ஒரு செம்பு மஞ்சள் தீர்த்தம் ஊற்றி மூடினார்கள். நானும்தான் குடம் தூக்கினேன், பதிகம் பாடிக்கொண்டே. இதை நினைவில் வைத்துக்கொள்ளுங்கள்.

தெப்பத்தைத் தண்ணீரில் இறக்கியதும் எனக்கு உங்கள் ஞாபகம் வந்துவிட்டது. ஹார்பரில் நீங்கள் பார்த்த வேலை என்னவென்று நான் முதன்முதலாகக் கேட்ட நாள் நினைவிருக்கிறதா? கப்பலை எடை போடுகிறேன் என்றீர்கள். "அவ்ளோ பெரிய தராசு எங்க இருக்குது?" என்றேன். நேராக என் அடுக்களைக்கு வந்து, அண்டாவைத் தாம்பாளத்தில் வைத்து விளிம்பு வரைக்கும் தண்ணீர் ஊற்றினீர்கள். அரிசி போட்ட சொம்பை மெதுவாக மிதக்க விட்டீர்கள். தாம்பாளத்தில் வழிந்த தண்ணீரைக் காட்டி, "இத எடுத்து நிறுத்துப் பாரு. அரிசியும் சொம்பும் சேர்ந்து எவ்ளோவோ, அவ்ளோதான் இருக்கும். கடல்தான் தராசு. கப்பல் தள்ளிவிட்ட தண்ணியோட எடதான் கப்பலோட எட" என்றீர்கள். நான் விடவில்லை. மளிகைத் தராசில் நிறுத்தும் பார்த்தேன். சரியாக இருந்தது. அன்றைக்கு நான் சாமி அறைக்குப் போய் ஒரு கற்பூரம் ஏற்றினேன். ஏன் என்று இன்றைக்கும் சொல்லத் தெரியவில்லை.

வழிந்த கடலை யார் பிடித்து நிறுப்பது? அதற்குத்தான் கப்பலின் மேலேயே எண்கள் எழுதியிருக்கும் என்றீர்கள். முன்னால், நடுவில், பின்னால் என்று இரண்டு பக்கமும் சேர்த்து ஆறு இடம். சின்னப் படகில் சுற்றி வந்து, தண்ணீர் எந்த எண்ணைத் தொடுகிறது என்று படிக்க வேண்டும். கப்பல் இவ்வளவு ஆழம் அமிழ்ந்தால் இவ்வளவு டன் என்று கப்பலிலேயே ஒரு அட்டவணை இருக்கும். சரக்கு ஏற்றும் முன்னால் ஒரு தடவை, ஏற்றிய பின்னால் ஒரு தடவை படித்தால், நடுவில் உள்ள வித்தியாசம்தான் சரக்கு.

"அலை ஆடிக்கினே இருக்குமே, எப்படிப் படிப்பீங்க?" என்றேன். "அல ஏறும்போது பாத்துச் சொன்னா அவன் விக்கிறவன் ஆளு. எறங்கும்போது பாத்துச் சொன்னா வாங்கறவன் ஆளு. பொறுமையா நின்னு நடுவுல பாக்கறவன்தான் சர்வேயர்" என்றீர்கள்.

அப்போது இவரும் வந்து உட்கார்ந்தார். உப்புத் தண்ணீர் கனம் ஜாஸ்தி, அதனால் கப்பலைத் தூக்கிப் பிடிக்கும். நல்ல தண்ணீரில் அதே கப்பல் இன்னும் கொஞ்சம் இறங்கும். அதற்காகக் கடல் தண்ணீரை மொண்டு அதில் ஒரு கண்ணாடிக் குழாயை மிதக்க விடுவோம் என்று நீங்கள் சொன்னதும், இவர் துள்ளிவிட்டார். "மச்சான், அதே கண்ணாடிதான் எங்க கம்பெனியிலயும்! தோல் ஊறவைக்கிற உப்புத் தண்ணியில வுட்டு டிகிரி பாப்போம்!" அன்றைக்கு நீங்கள் இருவரும் பேசிய பேச்சில் ரசம் ஆறிப் பச்சைத் தண்ணீரானது.

கடைசியாக ஒன்று சொன்னீர்கள். அதுதான் எனக்குப் பிடிக்கவே இல்லை. கப்பலின் மொத்த எடையில் வெறும் கப்பலைக் கழித்து, எண்ணெய், குடிதண்ணீர், சாமான், ஆட்கள் எல்லாவற்றையும் கழித்த பிறகும் கொஞ்சம் எடை மிச்சம் நிற்குமாம். மேலே மேலே அடித்த பெயின்ட், அடியில் தங்கிய சேறு, யாரோ மறந்துவிட்டுப் போன பொருள். எது எவ்வளவு என்று ஒருவருக்கும் தெரியாது. அதை 'கான்ஸ்டன்ட்' என்று எழுதிவிடுவோம் என்றீர்கள்.

"கணக்கு இடிக்குதுன்னு சொல்லுங்க" என்றேன். வீட்டுக் கணக்கில் எட்டணா இடித்தாலும் எனக்குத் தூக்கம் வராது என்பது உங்களுக்குத் தெரியாதா?

"இடிக்கலம்மா. இன்னான்னு தெரியாட்டியும் அதுவும் கப்பல் சொமக்கிற பாரம்தானே? கணக்குல அதுக்கும் ஒரு எடம் குடுத்துட்டா நிம்மதி. அது எப்பவும் ஒரே மாரி இருந்தா பயமில்ல. ஏறிக்கினே போச்சுன்னாதான் பாக்கணும். எங்கியோ தண்ணி உள்ள வர்துன்னு அர்த்தம்."

அதனால்தான் தெப்பம் இறங்கிய அன்றே, கேட்டுக்கு அடித்து மிச்சமிருந்த வெள்ளைப் பெயின்டை எடுத்துக்கொண்டு குளத்துக்குப் போனேன். வெறும் தெப்பம். தண்ணீர் தொட்ட இடத்தில், நீங்கள் சொன்ன மாதிரியே ஆறு இடத்தில் கோடு போட்டு, அதற்கு மேலே விரல் விரலாக அளந்து குறித்தேன். துணி துவைக்க வந்த பக்கத்து வீட்டு வசந்தா எட்டிப் பார்த்து, "தெப்பத்துக்குக் கோலமாக்கா? கோடெல்லாம் கோணலா இருக்குது" என்றாள். மறுநாள் கழி ஊன்றும் நால்வரையும் இருவர் இருவராக ஏற்றிப் பார்த்தேன். இரண்டு பேர் ஏறினால் தெப்பம் ஒரு விரல் இறங்கியது. எனக்கு அதுவே அட்டவணை.

தேன்மொழி திருவிழாவுக்காகச் சென்னையிலிருந்து வந்திருந்தாள். காட்பாடியில் இறங்கி, பஸ் பிடித்து, வாடிப்போய் வந்து நின்றாள். நீங்கள் போனதிலிருந்து அவள் வாயில் உங்கள் பேச்சே கிடையாது. யாராவது எடுத்தாலும் எழுந்து போய்விடுவாள். நான் பெயின்ட் அடித்ததைத் தூர நின்று பார்த்தாள். என்னவென்று கேட்கவில்லை.

திருவிழா அன்று மாலை, மேளச் சத்தம் தெருமுனைக்கு வந்துவிட்டது. வழக்கம்போலக் கணக்கை ஒரு தடவை சரிபார்க்கலாமே என்று படியிறங்கிக் கோட்டைப் பார்த்தேன். ஐந்து இடத்தில் ஏறக்குறைய சரி. கிழக்கு மூலையில் மட்டும் கோடு தண்ணீருக்கு அடியில் போயிருந்தது. மூன்று விரல். தெப்பத்தில் ஒரு ஆள்கூட இல்லை. பூ அலங்காரமாக இருக்குமோ என்றால், பூவெல்லாம் நடுவில் இருந்தது. குளிக்கும் பிள்ளைகள் கிளப்பிய அலையோ என்று நின்று நடுவில் பார்த்துப் படித்தேன். மூன்று விரல்தான்.

என்ன செய்வேன் அண்ணா? சாமி புறப்பட்டாயிற்று. லக்னம் குறித்தாயிற்று. புறப்பட்ட சாமியை நிறுத்துவது மகாபாவம் என்று நினைத்தே வளர்ந்தவள் நான். என் கோடுதான் கோணல், வசந்தாவே சொன்னாளே என்று ஒரு நிமிஷம் மனசைத் தேற்றிக்கொள்ளக்கூடப் பார்த்தேன். அப்போது தேன்மொழி தீபத்தட்டோடு வந்து, அவளுக்கென்று காட்டிய இடத்துக்கு நேராகப் படியில் நின்றாள். அது அந்தக் கிழக்கு மூலை. அவளுக்கு நீச்சல் தெரியாது.

சாமி, கோவிச்சுக்காதே என்று சொல்லிவிட்டு இவரிடம் போனேன். "ஏங்க, அந்த மூல மூணு விரல் எறங்கி இருக்குது."

"யாரும் ஏறலயே?"

"அதான் சொல்றேன்."

இவர் என் முகத்தையே பார்த்தார். கண்ணாடியில் ஒரு டிகிரி மாறினாலே ஓடுகிற ஆள். கழியைப் படியில் வைத்துவிட்டு, வேட்டியோடு தண்ணீரில் இறங்கிவிட்டார்.

"இன்னாம்மா மல்லிகா, சாமி ஏறற நேரத்துல கோடு, கணக்குன்னு பேஜார் பண்ற?" என்று ஏகாம்பரம் மாமா ஓடி வந்தார். நான் மூலைக் கோட்டைக் கை காட்டினேன். குருக்கள்தான் பல்லக்குப் பக்கத்திலிருந்து சொன்னார்: "இருக்கட்டும், பாத்துட்டே ஏத்தலாம். அவருக்கு அவசரமா எங்க போகணும்?"

கயிற்றை அவிழ்த்து மூலை டிரம்மைப் படியில் உருட்டினார்கள். உருளும்போதே உள்ளே தண்ணீர் சளசளவென்று அடித்தது. மூடியைத் திறந்தால் மஞ்சள் வாசனை. நாங்கள் ஊற்றியது ஒரு செம்பு. கொட்டியது குடம் குடமாக. மூடியில் ரப்பர் வாஷர் இல்லை.

"நான் வாஷரோடதான் அனுப்பினேன்" என்றார், தெப்பம் பார்க்க வந்திருந்த கரீம் பாய். தீர்த்தக் குடம் வைத்திருந்த தாம்பாளத்தை ஏகாம்பரம் மாமாவே போய்ப் பார்த்தார். வெற்றிலைக்கும் மஞ்சள் கிழங்குக்கும் நடுவே கறுப்பாக ஒரு வளையம் கிடந்தது. அதை விரலில் மாட்டிக்கொண்டு வந்து எல்லாருக்கும் காட்டினார். பிறகு, "எல்லா மூடியையும் பாத்துருங்கப்பா" என்றார்.

எல்லாம் பார்த்து முடித்து, வேறு டிரம் கட்டி, அதில் பழைய அளவுக்கே கோடும் போட்டுச் சாமி ஏறும்போது இருட்டத் தொடங்கியிருந்தது. ஏகாம்பரம் மாமா படியில் ஒரு காலை வைத்துவிட்டு என்னைத் திரும்பிப் பார்த்தார். "என் எடைக்கு இன்னாம்மா கணக்கு?"

"ஒரு விரல் மாமா."

"ரெண்டு பேருக்குத்தானே ஒரு விரல்னு சொன்ன?"

"ஆமாம் மாமா."

ஊரே சிரித்தது. அவரும் தொப்பையைத் தட்டிச் சிரித்தார். "அப்ப நான் கரையிலயே கும்புட்டுக்கறேன்."

தெப்பம் மூன்று சுற்று வந்தது அண்ணா. தண்ணீரில் விளக்கெல்லாம் இன்னொரு தெப்பம் மாதிரி தலைகீழாக மிதந்தது. எனக்குக் கும்பிடக் கை எழவில்லை. கண் கோட்டிலேயே இருந்தது. இரண்டாவது சுற்றில் கரையோரம் வரும்போது, தேன்மொழி ஒரு கையில் தட்டோடு குனிந்து பார்த்துக் கத்தினாள்: "அத்தை! அஞ்சு விரல்!" எட்டு பேருக்கு நான்கு, பீடத்தோடு சாமிக்கும் அம்பாளுக்கும் ஒன்று. சரியாக இருந்தது. உடனே இன்னொரு தடவை கத்தினாள்: "அல நடுவுல பாத்துதான் சொல்றேன்!"

அவளுக்கு அதை யார் சொல்லிக் கொடுத்தது? நான் சொல்லவில்லை.

மறுநாள் காலை சாமி கோயிலுக்குள். தெப்பத்துப் பூவைக்கூட எடுத்தாயிற்று. மறுபடியும் வெறும் தெப்பம். நானும் தேன்மொழியும் ஆறு கோட்டையும் படித்தோம். எல்லா இடத்திலும் ஒரே மாதிரி அரை விரல் மிச்சம். மறுபடியும் ஓட்டையோ என்று பதறினேன். சாயங்காலம் பார்த்தோம், அதே அரை விரல். அடுத்த நாளும் அதே. ஏறவும் இல்லை, குறையவும் இல்லை.

"மரம் தண்ணி குடிச்சிருக்கும். நல்ல தண்ணி வேற. கம்பெனியில உப்பு மூட்ட மூட்டையா கெடக்குது, கொட்டிடலாமா? ஏறிக்கும்" என்று இவர் கிண்டல் செய்தார்.

தேன்மொழி சிரிக்கவில்லை. ஈரக்கோட்டில் விரலை வைத்தபடியே சொன்னாள்: "இது கான்ஸ்டன்ட் அத்தை. அப்பா சொல்வார்ல."

இரண்டு வருஷத்தில் அவள் வாயில் 'அப்பா' வந்தது அதுதான் முதல் தடவை. அதற்குப் பிறகு அன்று முழுக்க உங்களைப் பற்றித்தான் பேசினாள். பிள்ளையாக இருந்தபோது குளியலறை வாளியில் சோப்பு டப்பாவை மிதக்கவிட்டு நீங்கள் விளையாட்டுக் காட்டியதை எல்லாம் சொன்னாள். நான் அரிசி களைந்துகொண்டே கேட்டேன். ஊருக்குப் போகும்போது, அடுத்த தெப்பத்துக்கும் வருகிறேன், கோட்டை நான்தான் படிப்பேன் என்று சொல்லிவிட்டுப் போயிருக்கிறாள்.

அண்ணா, உங்களுக்கு ஒரு வாக்குக் கொடுக்கிறேன். அந்த ஆறு கோட்டின் மேல் யாரையும் வேறு பெயின்ட் அடிக்க விடமாட்டேன். ஒவ்வொரு வருஷமும் முதல் ஆள் ஏறும் முன்னால் நானும் உங்கள் மகளும் படித்துவிட்டுத்தான் சாமியை ஏற்றுவோம். அந்த அரை விரலைக் கணக்கிலிருந்து தள்ளச் சொல்லி யார் சொன்னாலும் தள்ள மாட்டேன். அதற்கும் ஒரு இடம் கொடுத்துவிட்டேன்.

ஆனாலும் எனக்கு ஒன்று தெரிய வேண்டும். மரம் தண்ணீர் குடித்திருக்கும் என்று இவர் சொல்வது சரியாகவே இருக்கலாம். ஆனால் இரண்டு பேருக்கு ஒரு விரல் என்றால், அரை விரலுக்கு ஒரு ஆள். அன்று தெப்பத்திலிருந்து இறங்கிய எட்டு பேரையும் நான் கரையில் நின்று எண்ணினேன். இன்னும் இறங்காமல் இருப்பது யார்? சீக்கிரம் பதில் போடுங்கள்.

இப்படிக்கு,
உங்கள் கூடப்பிறந்தவள்
மல்லிகா